பி.கே. ரோசி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய சினிமாவைப் பற்றிப் பேச்சு எழும் இடங்களில் ரோசியின் பெயரைச் சொன்னால் போதும், ஒரே கேள்விகள் திரும்பத் திரும்ப வந்துவிடுகின்றன. சில ஆர்வத்தில் வருகின்றன, சில சந்தேகத்தில், சில கோபத்தில். அவற்றைக் கேட்டவர்கள் கேட்டபடியே இங்கே தொகுத்து, எளியவற்றை முதலில் வைத்திருக்கிறேன். உறுதியான செய்தி எது, பின்னாளில் பலர் நினைவிலிருந்து சொன்னது எது என்பதைக் கூடிய மட்டும் பிரித்தே எழுதியிருக்கிறேன். ரோசியின் கதையில் அந்தப் பிரிவினை மிகவும் தேவைப்படுகிறது.

யார் இந்த ரோசி? நான் பெயரே கேள்விப்பட்டதில்லையே.

மலையாள சினிமாவின் முதல் கதாநாயகி. திருவனந்தபுரம் நந்தன்கோட்டில், தலித் சமூகமான புலையர் சமூகத்தில், வறுமையான குடும்பத்தில் பிறந்தவர். பிறந்தபோது வைத்த பெயர் ராஜம்மா என்பார்கள். குடும்பம் கிறித்தவத்துக்கு மாறியபோது ரோசம்மா ஆனதாக ஒரு சாரார் சொல்கிறார்கள். படத்துக்காக ரோசி என்று மாற்றப்பட்டதாக இன்னொரு சாரார் சொல்கிறார்கள். அவர் நடித்தது ஒரே ஒரு படம்.

என்ன படம் அது? கதை என்ன?

'விகதகுமாரன்'. காணாமல்போன மகன் என்று பொருள். ஜே.சி. டேனியல் எழுதி, இயக்கி, ஒளிப்பதிவு செய்து, தானே நடித்து, சொந்தப் பணத்தில் எடுத்த பேசாப்படம். திருவிதாங்கூரில் வசதியான வீட்டுப் பையனை வில்லன் கடத்திக்கொண்டு இலங்கைக்குப் போய்விடுகிறான். பையன் அங்கே தோட்டத் தொழிலாளியாக வளர்கிறான். பல ஆண்டுகள் கழித்து ஊர் திரும்பும் அவனை, உடம்பில் இருக்கும் தழும்பை வைத்துக் குடும்பம் அடையாளம் காண்கிறது. ரோசிக்குச் சரோஜினி என்ற நாயர் பெண் வேடம். வில்லனாக நடித்தவர் ஜான்சன். பின்னாளில் தமிழிலும் மலையாளத்திலும் நடித்த பி.எஸ். சரோஜாவின் தந்தை.

புராணக் கதைகளே பெரும்பாலும் படமாகிக்கொண்டிருந்த காலத்தில், டேனியல் தன் காலத்து மனிதர்களின் கதையை எடுத்தார் என்பதைக் கவனியுங்கள். பின்னால் வரும் பதில்களுக்கு இது தேவைப்படும். ராமாயணத்திலோ மகாபாரதத்திலோ ஒரு வேடமென்றால் பார்வையாளர் அதைத் தன் தெருவோடு பொருத்திப் பார்த்திருக்க மாட்டார். சரோஜினி அவர்கள் தெருவில் நடமாடும் பெண்.

1928 என்றும் எழுதுகிறார்கள், 1930 என்றும் எழுதுகிறார்கள். எது சரி?

1928 நவம்பர் 7 என்ற தேதிதான் நீண்ட காலம் வழக்கில் இருந்தது. அக்காலத்து அச்சுச் சான்றுகளைத் தேடி எடுத்த ஆய்வாளர்கள் 1930 அக்டோபர் 23 என்று நிறுவினார்கள். இடம், திருவனந்தபுரம் கேபிட்டல் திரையரங்கு. நான் பின்னதையே ஏற்கிறேன்.

இது வெறும் தேதிச் சண்டை இல்லை. 1931 மார்ச்சில் இந்தியாவின் முதல் பேசும்படமான 'ஆலம் ஆரா' வந்தது; அதே ஆண்டு அக்டோபரில் 'காளிதாஸ்' வந்து தமிழ் பேசும்படம் தொடங்கிவிட்டது. அதாவது டேனியல் தன் பேசாப்படத்தை வெளியிட்டபோது, பேசாப்படத்தின் காலமே முடியும் தறுவாயில் இருந்தது. முதல் காட்சியில் ரோசிக்கு எதிராக எழுந்த கலவரம் (அதைப் பின்னால் சொல்கிறேன்) நடக்காமல் இருந்திருந்தாலும் போட்ட பணத்தை அவர் எளிதில் எடுத்திருக்க முடியாது. அவருடைய தோல்விக்கு ரோசியின் மீதான கோபம் மட்டுமே காரணம் என்று எழுதுகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

புல் அறுத்துப் பிழைத்த பெண் என்கிறார்கள். அவருக்கு நடிப்பு எப்படித் தெரியும்? டேனியல் தெருவில் பார்த்து அழைத்து வந்தாரா?

என்னை மிகவும் வருத்தும் கேள்வி இது. பெரும்பாலான கட்டுரைகள் ரோசியை இப்படித்தான் அறிமுகப்படுத்துகின்றன: புல் அறுத்தார், சினிமா வந்தது, கல்லடி பட்டார், ஓடிப்போனார். நடுவில் ஒரு கலைஞர் இருந்தார் என்பது விடுபட்டுப்போகிறது. அவர் புல் அறுத்தது உண்மை. ஆனால் டேனியல் அவரைக் கண்டுகொண்டபோது அவர் காக்காரிசி நாடகத்தில் பயிற்சி பெற்று மேடை ஏறிக்கொண்டிருந்தவர்.

காக்காரிசி தெற்குத் திருவிதாங்கூரின் மக்கள் கலை. தமிழும் மலையாளமும் ஒரே வாக்கியத்துக்குள் கலந்து ஓடும். சிவனும் பார்வதியும் கங்கையும் குறி சொல்லித் திரியும் காக்காலர்களாகப் பூமிக்கு வருவதாகக் கதை. தீப்பந்தத்தோடு காக்கான் கூட்டத்துக்குள்ளிருந்தே நுழைவான். தம்புரான், அதாவது ஊர்ப் பிரபு, வேடக்காரர் பார்வையாளர் பக்கத்திலிருந்து, நீ யார், எந்த ஊர், எதற்கு வந்தாய் என்று மடக்கி மடக்கிக் கேட்பார். ஒவ்வொன்றுக்கும் பாட்டாகவும் குறும்பாகவும் எதிர்ப்பேச்சாகவும் பதில் வர வேண்டும். மிருதங்கம், கஞ்சிரா, கைத்தாளம் பின்னால் ஓடிக்கொண்டிருக்கும். நம் குறவஞ்சியை அறிந்தவர்களுக்கு இந்தச் சுவை உடனே பிடிபடும். நாடகத்தின் உயிரே இந்த விசாரணைதான்: அதிகாரத்தில் இருப்பவன் கேட்க, நாடோடி அவனைச் சொல்லால் வெல்கிறான்.

இந்த நாடகத்தில் பெண் வேடத்தையும் ஆண்களே கட்டுவது வழக்கமாக இருந்தது. அப்படிப்பட்ட களத்தில் ஒரு பெண் நின்று ஆடிப் பாடினார் என்றால் அவருக்குக் கூச்சம் எப்போதோ போயிருக்கும். கூட்டத்தின் கண்ணைத் தாங்கத் தெரிந்திருக்கும். பேசாப்படத்தில் பாட்டுக்கும் எதிர்ப்பேச்சுக்கும் இடமில்லை என்பதால் அவருடைய பாதித் திறமை கேமரா முன்னால் பயன்படாமலே போயிருக்கும். மீதமிருந்தது உடம்பும் முகமும்.

டேனியல் ஏன் இவரைத் தேர்ந்தெடுத்தார்? வேறு நடிகையே கிடைக்கவில்லையா?

முதலில் பம்பாயிலிருந்து ஓர் ஆங்கிலோ இந்திய நடிகையை வரவழைக்க ஏற்பாடு செய்ததாகவும், அது கைகூடவில்லை என்றும் டேனியலின் வாழ்க்கைக் குறிப்புகள் சொல்கின்றன. அந்தக் காலத்தில் இது வழக்கந்தான். மானமுள்ள வீட்டுப் பெண்கள் நடிக்க வர மாட்டார்கள் என்ற எண்ணம் எங்கும் இருந்தது. 1913இல் 'ராஜா ஹரிச்சந்திரா'வில் சந்திரமதி வேடத்தையே ஓர் ஆண்தான் போட்டார். பிறகு வந்த பேசாப்பட நாயகிகளில் ஆங்கிலோ இந்தியரும் யூதரும் கணிசமானோர்.

டேனியலின் ஸ்டூடியோ, திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ், திருவனந்தபுரத்தில்தான் இருந்தது. நிலத்தை விற்றுப் படமெடுத்தவர். உள்ளூரில் பயிற்சி பெற்ற ஒரு பெண் கலைஞர் கிடைத்தது அவருக்குப் பெரிய காரியம். நாளுக்கு ஐந்து ரூபாய் கூலிக்குப் பத்து நாள் போல ரோசி நடித்தார் என்பது பின்னாளைய நினைவுகூரல்களிலிருந்து வரும் செய்தி.

முதல் நாள் திரையரங்கில் உண்மையில் என்ன நடந்தது?

படத்தைத் தொடங்கிவைத்தவர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை. சாதாரண ஆளில்லை. ஆயிரம் ரூபாயும் மள்ளூரும் இருந்தால் யாரையும் கொல்லலாம் என்று திருவிதாங்கூரில் சொலவடையே வழங்கிய அளவுக்குப் பேர்போன குற்றவியல் வழக்கறிஞர். ரோசி அரங்கில் இருந்தால் நான் வர மாட்டேன் என்று பெரிய மனிதர்கள் மறுத்ததாகவும், அதனால் தன் படத்தின் முதல் காட்சியை ரோசியே பார்க்க முடியாமல் போனதாகவும் பல விவரிப்புகள் சொல்கின்றன.

படம் ஓடத் தொடங்கியபின், நாயகன் சரோஜினியின் கூந்தலில் இருக்கும் பூவை முத்தமிடும் காட்சியில் கூச்சல் எழுந்தது, திரையை நோக்கிக் கற்கள் பறந்தன, திரை கிழிந்தது. எல்லா விவரிப்புகளும் ஒத்துப்போகும் இடம் இது. அதன்பின் ரோசியின் குடிசைக்குத் தீ வைக்கப்பட்டது. அவர் ஊரைவிட்டு ஓட நேர்ந்தது. யார் யார் எறிந்தார்கள், எத்தனை பேர், யார் தூண்டினார்கள் என்று நாடகபாணியில் விவரிக்கும் கட்டுரைகளைச் சற்றுத் தள்ளி வைத்துப் படியுங்கள். படம் பிறகு ஆலப்புழை, நாகர்கோவில் உட்பட வேறு ஊர்களிலும் திரையிடப்பட்டதாகப் பதிவு இருக்கிறது. ஆகவே முதல் நாளோடு படம் செத்துவிட்டது என்பதும் சரியில்லை.

ஒரு பூவை முத்தமிட்டதற்கா இவ்வளவு கலவரம்?

பூ ஒரு சாக்கு. புலையர் பெண் ஒருவர் நாயர் பெண்ணின் உடையும் நகையும் அணிந்து, உயர்சாதி நாயர் பெண்ணாகத் திரையில் நின்றதே கல்லெறிந்தவர்கள் பார்வையில் குற்றம். திருவிதாங்கூரில் யார் எதை உடுத்தலாம் என்பது தனிமனித விருப்பமாக இருந்ததே இல்லை. இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தில் நடந்த தோள்சீலைப் போராட்டத்தை நினைத்துப் பாருங்கள். பல ஆண்டுப் போராட்டத்துக்குப் பின் 1859இல் வந்த அரசாணைகூட, நாடார் பெண்கள் மார்பை மறைக்கலாம், ஆனால் உயர்சாதிப் பெண்களைப் போல உடுத்தக் கூடாது என்றுதான் சொன்னது. அந்தக் கடைசி நிபந்தனையில்தான் விஷயமே இருக்கிறது. மறைப்பதைப் பொறுத்துக்கொள்வார்கள், ஒன்றுபோலத் தெரிவதைப் பொறுக்க மாட்டார்கள்.

புலையர் பெண்களுக்கு இதைவிடக் கடுமை. கழுத்தில் கல்லுமாலை அணிவது அவர்கள் மீது சுமத்தப்பட்ட சாதி அடையாளம். 1915இல் கொல்லத்துக்கு அருகே பெரிநாட்டில், புலையர் தலைவர் அய்யன்காளியின் அழைப்பை ஏற்றுப் பெண்கள் அந்த மாலைகளை அறுத்தெறிந்தார்கள். அதற்குப் பதினைந்து ஆண்டுகளுக்குப் பிறகு வந்த படம் இது. வைக்கம் போராட்டம் முடிந்து ஐந்தாண்டு ஆகியிருந்தது. ஆலய நுழைவுப் பிரகடனத்துக்கு, அதாவது 1936க்கு, இன்னும் ஆறாண்டு இருந்தது. கோயில் வாசலே திறக்காத ஊரில், ரோசி திரையில் தறவாட்டுக்குள், அதாவது நாயர் குடும்ப வீட்டுக்குள், நுழைந்துவிட்டார். மேடையில் காக்காத்தி வேடத்தில் ஆடியபோது அவர்மீது யாரும் கல்லெறியவில்லை என்பதையும் சேர்த்துப் பாருங்கள். நாடோடிப் பெண்ணாக அவர் ஆடுவது ஊருக்குச் சம்மதம்.

அப்படியானால் டேனியல் அவரைப் பலிகொடுத்துவிட்டார் என்றுதானே அர்த்தம்?

இப்படிக் கேட்கிறவர்களோடு எனக்குப் பாதி உடன்பாடு. டேனியல் நாடார் கிறித்தவக் குடும்பத்தைச் சேர்ந்தவர். முந்தைய பதிலில் சொன்ன தோள்சீலை வரலாறு அவர் சமூகத்தின் வரலாறும்கூட. எனவே அந்த வேடத்தை ரோசிக்குக் கொடுப்பதன் ஆபத்து அவருக்குத் தெரியாமல் இருந்திருக்காது. தெரிந்தே கொடுத்தார் என்றால் அது துணிச்சல். ஆனால் அந்தத் துணிச்சலுக்கான விலையை இருவரும் சமமாகக் கட்டவில்லை.

டேனியல் சொத்தை இழந்தார், ஸ்டூடியோவை மூடினார், பல் வைத்தியரானார். தமிழ் நடிகர் பி.யு. சின்னப்பாவின் பேச்சைக் கேட்டு மறுபடி சினிமாவில் பணம் போட்டு மறுபடி இழந்ததாகவும் அவருடைய வாழ்க்கைக் குறிப்புகள் சொல்கின்றன. கடைசிக் காலத்தை அகஸ்தீஸ்வரத்தில் கழித்து 1975இல் மறைந்தார். தமிழ்நாட்டில் வாழ்பவர் என்று சொல்லிக் கேரள அரசு அவருக்கு உதவித்தொகை மறுத்தது. பிறகு 1992 முதல் கேரள அரசின் மிக உயர்ந்த திரைப்பட விருது அவர் பெயரில் வழங்கப்படுகிறது. அவருக்குப் பெயராவது திரும்பக் கிடைத்தது. ரோசி இழந்தது வீட்டையும் ஊரையும் தொழிலையும் பெயரையும்.

ஊரைவிட்டு ஓடியபின் அவர் என்ன ஆனார்?

தமிழ்நாட்டுப் பக்கம் போகும் லாரியில் ஏறித் தப்பினார் என்றும், அந்த ஓட்டுநர் கேசவப் பிள்ளையையே மணந்துகொண்டு நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்தார் என்றும் ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள். பிள்ளைகள் பிறந்தார்கள். அவர்கள் தந்தையின் நாயர் சமூகத்து மனிதர்களாகவே வளர்ந்தார்கள். தாய் ஒரு காலத்தில் நடிகை என்பது வீட்டில் பேசப்படாத செய்தியாக இருந்தது.

திரையில் நாயர் பெண்ணாக நின்றதற்காகத் துரத்தப்பட்டவர், எஞ்சிய வாழ்க்கை முழுவதையும் நாயர் வீட்டு மருமகளாக வாழ்ந்து முடித்தார். கேமரா இல்லாத இடத்தில், யாருக்கும் தெரியாமல், பல பத்தாண்டுகள். இதைப் பற்றி எத்தனை முறை யோசித்தாலும் என்னால் சட்டென்று கடந்துபோக முடிவதில்லை.

நானும் நாகர்கோவில்காரன்தான். எங்கள் ஊரில் ஒருவருக்கும் இவரைத் தெரியவில்லையே, எப்படி?

தெரியாமல் இருப்பதில்தான் அவருடைய பாதுகாப்பு இருந்தது. மேலே சொன்ன திருமணத்தையும் பிள்ளைகளின் நிலையையும் யோசியுங்கள். ராஜம்மாள்தான் ரோசி என்று ஒரு வாய்ச்சொல் பரவினாலே எல்லாம் குலைந்துபோகும். வெளியிலிருந்தும் யாரும் தேடி வரவில்லை. 1960களில் திரைப்பட எழுத்தாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் டேனியலைக் கண்டெடுத்து எழுதும்வரை, டேனியலையே யாருக்கும் நினைவில்லை. ரோசியைத் தேடி எழுதியவர்களில் முன்னோடி குன்னுகுழி எஸ். மணி. அவர் விசாரித்துச் சேர்த்தவை இல்லாவிட்டால் இந்தப் பக்கத்தில் பாதி இருக்காது.

படத்தை எங்கே பார்க்கலாம்? யூடியூபில் கிடைக்குமா?

கிடைக்காது. பிரதி எதுவுமே இல்லை. அக்கால பிலிம் சுருள் நைட்ரேட்டால் ஆனது, தீ பட்டால் பற்றிக்கொண்டு எரியும். சிறு பையனாக இருந்தபோது விளையாட்டாக அந்தச் சுருள்களைத் தானே எரித்துவிட்டதாக டேனியலின் இளைய மகன் ஹாரிஸ் டேனியல் பின்னாளில் வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். அவரைக் குறைசொல்ல எதுவுமில்லை. அந்தப் பெட்டியில் இருப்பதன் மதிப்பை அந்த வீட்டுக்கு எடுத்துச்சொல்ல அரசோ திரையுலகமோ அப்போது வரவில்லை.

மலையாளத்தின் இரண்டாவது படமான 'மார்த்தாண்ட வர்மா' தப்பிப் பிழைத்ததற்குக் காரணம் அதன் மூல நாவல் தொடர்பான ஒரு பதிப்புரிமை வழக்கு. வழக்கில் சிக்கிய பிரதி பதிப்பகத்தாரின் கையில் கிடந்தது; 1970களில் புணே திரைப்பட ஆவணக்காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

இணையத்தில் தேடினால் ஒரு பெண்ணின் புகைப்படம் வருகிறதே, அது ரோசிதானா?

அது ரோசிதான் என்று உறுதிப்படுத்தப்படவில்லை. 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் தன் முகப்பில் ரோசியின் ஓவியத்தை வைத்தது. அன்றிலிருந்து அந்த முகமே அவர் முகமாகப் பலர் மனதில் பதிந்துவிட்டது. கட்டுரையோ சுவரொட்டியோ போடுகிறவர்களிடம் நான் கேட்டுக்கொள்வது, படத்தின் கீழே "ரோசியுடையதாகக் கருதப்படும் படம்" என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள்.

'செல்லுலாய்ட்' பார்த்து அழுதுவிட்டேன். அதில் காட்டுவதெல்லாம் அப்படியே நடந்ததா?

கமல் இயக்கி 2013இல் வந்த மலையாளப் படம் அது. பிருத்விராஜ் டேனியலாகவும் சாந்தினி ரோசியாகவும் நடித்தார்கள். சேலங்காட்டு எழுதிய டேனியல் வரலாறும், வினு ஆபிரகாம் எழுதிய 'நஷ்டநாயிகா' என்ற நாவலும் அதற்கு அடிப்படை. ஒன்று வரலாறு, மற்றது புனைவு. எனவே படத்தின் நிகழ்ச்சி வரிசையை நம்பலாம். அறைக்குள் பேசும் வசனங்களையும் ரோசியின் மனவோட்டத்தையும் கலைஞர்களின் கற்பனை என்றே கொள்ள வேண்டும்.

எனக்கு அந்தப் படத்தில் ஒரு குறை உண்டு. அதில் ரோசி பெரும்பாலும் மிரட்சியோடும் நன்றியோடும் நிற்கிறார். தம்புரானுக்கு எதிர்ப்பேச்சுப் பேசிப் பழகிய கலைஞரை நான் அங்கே போதுமான அளவு காணவில்லை. காக்காரிசி பற்றிய பதிலை மறுபடி படித்துவிட்டு அந்தப் படத்தைப் பார்த்தால் நான் சொல்வது விளங்கும்.

இந்திய சினிமாவின் முதல் தலித் நடிகை என்று எழுதலாமா?

பலரும் எழுதுகிறார்கள். நான் எழுதுவதில்லை. பேசாப்படக் காலத்தில் பம்பாயிலும் கல்கத்தாவிலும் சென்னையிலும் நடித்த பெண்களில் பலருடைய சொந்தப் பெயரே பதிவாகவில்லை. சாதியை மறைத்தவர்களும் இருந்திருப்பார்கள். மலையாளத்தின் முதல் நாயகி, அவர் தலித் என்று எழுதினால் போதும். யாரும் அசைக்க முடியாத உண்மை அது.

இவரைத் தமிழ்ச் சினிமா வரலாற்றில் சேர்த்துக்கொள்ளலாமா?

வேண்டாம். அவர் மலையாள சினிமாவின் நாயகி, திருவிதாங்கூரின் மகள். ஆனால் நாகர்கோவிலும் அகஸ்தீஸ்வரமும் அந்தத் திருவிதாங்கூரிலும், 1949க்குப் பின் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்திலும் இருந்தன. அவர் ஆடிய நாடகத்தில் தமிழ் இருந்தது. அவர் ஒளிந்து வாழ்ந்த ஊர் இன்று தமிழ்நாட்டில் இருக்கிறது. உரிமை கொண்டாடுவதைவிட, நம் பக்கத்தில் நடந்ததை நாம் பதிவு செய்வது நல்லது.

அது தொடங்கியும் இருக்கிறது. கேரளத்தில் சினிமாப் பெண்களின் கூட்டமைப்பு 2019இல் ரோசியின் பெயரில் திரைப்படச் சங்கம் தொடங்கியது. சென்னையில் பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் தலித் வரலாற்று மாதமான ஏப்ரலில் பி.கே. ரோசி திரைப்பட விழா நடத்துகிறது. ஒரு பிரேம்கூட மிஞ்சாத நடிகையின் பெயரில் படங்கள் திரையிடப்படுவது எனக்கு மனநிறைவு தருகிறது.

அவருடைய வாரிசுகளைத் தேடிப் பேட்டி எடுக்க விரும்புகிறேன். எங்கே தொடங்கலாம்?

தயவுசெய்து அங்கே தொடங்காதீர்கள். அந்தக் குடும்பம் எதை ஏன் பேசாமல் இருந்தது என்பது முன்பே சொல்லியாயிற்று. அவர்களாக முன்வந்து பேசினால் கேட்டுக்கொள்ளலாம். கதவைத் தட்டிச் சாதி விசாரிக்கும் உரிமை நமக்கு இல்லை.

தேட வேறு இடங்கள் நிறைய இருக்கின்றன. 1930, 1931ஆம் ஆண்டுகளின் திருவிதாங்கூர்ப் பத்திரிகைகளில் திரையரங்க விளம்பரங்களைப் பாருங்கள். நாகர்கோவிலில் படம் எந்த வாரம் ஓடியது, யார் பார்த்தார்கள் என்பதை உள்ளூர்க்காரர்தான் தேடிக் கண்டுபிடிக்க முடியும். கேரள மாநில ஆவணக்காப்பகத்தில் டேனியலின் ஸ்டூடியோ பற்றிய கடிதங்கள் இருக்கின்றனவா என்று கேளுங்கள். பாறசாலை, நெய்யாற்றின்கரை, விளவங்கோடு பக்கங்களில் காக்காரிசி ஆடிய குடும்பங்களைச் சேர்ந்த முதியவர்கள் இருந்தால் அவர்களுடைய பாட்டுகளை இப்போதே ஒலிப்பதிவு செய்யுங்கள். அவர்களிடம் ரோசியைப் பற்றி மட்டும் கேட்டுவிட்டு எழுந்து வந்துவிடாதீர்கள். அந்த நாடகத்தில் பெண்கள் ஆடினார்களா, யார் யார் ஆடினார்கள், எந்த வேடம் கட்டினார்கள் என்று கேளுங்கள்.